நடைவழியும் விருந்து மனையும்: ஊவா மலைநாட்டை முன்வைத்து ஓர் ஆராய்ச்சி

பல நாள் நடந்து, வழியிலுள்ள ஊர்களில் குடியானவர் வீடுகளிலேயே உண்டும் உறங்கியும் செல்லுகின்ற பிரயாண முறையானது, மேனாட்டு நகரவாசிகள் தம் ஓய்வு நாட்களைக் கழிப்பதற்குக் கண்ட ஒரு வினோதமாகத் தொடங்கி, இன்று பொருளாதார நிபுணர்களும் உதவி ஸ்தாபனங்களும் வறிய கிராமங்களுக்கு விதந்துரைக்கும் பரிகாரங்களுள் ஒன்றாக வளர்ந்திருக்கிறது. அதன் நியாயம் கேட்பதற்கு எளிதும் இனிதுமானது. பெரிய ஹோட்டலில் தங்கும் பிரயாணியின் பணம் தலைநகரத்துக்கும் அங்கிருந்து கடல் கடந்தும் போய்விடுகிறது. கால்நடையாக வருகிறவனோ எந்த ஊரையும் விரைந்து கடக்க முடியாதவனாதலால், ஒரு வேளைச் சோற்றுக்கும் ஓர் இரவு உறக்கத்துக்கும் வழிகாட்டி ஒருவனின் ஒரு நாள் உழைப்புக்கும் அவன் கொடுப்பது கொடுத்த இடத்திலேயே தங்குகிறது. இவ்வாறு சொல்லுகிறவர்கள் பொய் சொல்லுகிறார்கள் என்று நான் கருதவில்லை. ஆனால் அவர்களுடைய வாதம் முழுவதும் ஓர் அனுமானத்தின்மேல் நிற்கிறது: வழியிலுள்ள குடிக்கு ஒரு வீடு உண்டு, அவ்வீட்டின் கதவைத் திறப்பதும் சாத்துவதும் அக்குடியின் இஷ்டம் என்பதே அவ்வனுமானம். பண்டாரவளையைச் சூழ்ந்த ஊவா மலைப் பிரதேசத்தில் இது சில குடிகளுக்கு மெய்யாகவும் வேறு சில குடிகளுக்கு இன்னும் மெய்யாகாததாகவும் இருப்பதனாலேயே, அப்பிரதேசத்தை முன்வைத்து இவ்விஷயம் முழுவதையும் ஒருமுறை ஆராய்ந்து பார்ப்பது தகும்.

ஆராய்ச்சிக்கு வாய்த்திருக்கும் சிறந்த உதாரணம் பெக்கோ டிரெயில் என்று பெயரிடப்பட்ட நடைவழி. இலங்கையில் நெடுங்காலம் வாழ்ந்துவரும் மிகேல் குனாட் என்னும் ஸ்பானியர் ஒருவரின் யோசனையில் உருவாகி, ஐரோப்பிய ஒன்றியத்தினதும் அமெரிக்க உதவி ஸ்தாபனமாகிய யுஎஸ்எய்டினதும் நிதியுதவி பெற்ற இவ்வழி, கண்டிக்கு அணித்தான ஹந்தானையில் தொடங்கி, மத்திய மாகாணத்தையும் ஊவா மாகாணத்தையும் பெரியதொரு வளைவாகச் சுற்றி, நுவரெலியாவுக்கு அருகே முடிகிறது. நீளம் 300 கிலோமீற்றருக்குச் சற்று அதிகம். அது 22 கட்டங்களாகப் பிரிக்கப்பட்டு, ஒவ்வொரு கட்டமும் ஏறத்தாழ ஒரு நாள் நடையாக அமைந்திருக்கிறது. அப்புத்தளை, எல்ல, தெமோதரை என்று நமக்குப் பழகிய பெயர்களெல்லாம் அதன் நடுப்பகுதியில் வருகின்றன. இதற்கென்று புதிதாக மலையை வெட்டிப் பாதை அமைத்தார்கள் என்று யாரும் எண்ண வேண்டாம். காப்பிக் காலத்திலும் தேயிலைக் காலத்திலும் தோட்டத்தார் போட்ட கரத்தை ரோட்டுகளும், கொழுந்து சுமந்து இறங்கும் குறுக்கு வழிகளும், டிவிசனுக்கு டிவிசன் பிள்ளைகள் பள்ளிக்கூடம் போகும் ஒற்றையடிப் பாதைகளும் ஒன்றோடொன்று பொருத்தப்பட்டு, கம்பங்களும் குறிகளும் நாட்டப்பட்டு, உலகத்தாருக்கு ஒரே வழியாக அறிமுகம் செய்யப்பட்டன.

பாதை பழையது என்னும்போது அதில் முதலில் நடந்தவர் யாவர் என்ற கேள்வியும் உடன் பிறக்கிறது. தமிழ்நாட்டு மாவட்டங்களிலிருந்து கங்காணிமாரால் திரட்டப்பட்டுப் படகேறி மன்னார்க் கரையில் இறங்கி, வடபகுதிக் காடுகளினூடே மாத்தளை வரையில் நடந்து, அங்கிருந்து கண்டிச் சீமைக்கும் ஊவாவுக்கும் ஏறிய தொழிலாளர் கூட்டங்கள், வழியில் வாந்திபேதிக்கும் பசிக்கும் தம்மவரைப் பறிகொடுத்த விருத்தாந்தத்தை இங்கே விரிக்க வேண்டியதில்லை. ஆயினும் பல நாள் நடை, முன்னே செல்லும் வழிகாட்டி, இடையிடையே தங்குமிடம் என்ற மூன்று லட்சணங்களும் அந்த யாத்திரைக்கும் இருந்தன என்பதையும், அவ்வழிகாட்டியே வழிச்செலவைக் கடனாகக் கொடுத்தவனாகவும் பின்னர் வேலை வாங்குகிறவனாகவும் இருந்தான் என்பதையும் நினைவிற் கொள்ளுவது, இக்காலத்து நடைவழிகளைப் பற்றிப் பேசுகிறவர்களுக்கு நல்லது. மலைக்கு ரயில் வந்தது வெகு காலம் கழித்தே: 1885 இல் நானுஓயா, 1893 இல் அப்புத்தளை, 1894 இல் பண்டாரவளை, 1924 இல் பதுளை. ரயில் வரும்வரையில் ஊவாத் தோட்டங்களுக்கு ஆள் வந்ததெல்லாம் காலால்.

இந்நாட்டில் தமிழருக்கு நெடுநடை அந்நியமானதன்று. தொண்டைமானாற்றுச் செல்வச் சந்நிதியிலிருந்து கிழக்குக் கரையோரமாக, முல்லைத்தீவு, திருகோணமலை, மட்டக்களப்பு, உகந்தை, குமண, யாலக் காடு என்று சென்று கதிர்காமத்தை அடையும் பாதயாத்திரை ஏறத்தாழ ஒன்றரை மாத நடை. யுத்தத்தால் நின்றுபோன அதனை 1988 இல் பட்ரிக் ஹரிகன் என்ற அமெரிக்கர் ஒருவர் அடியார் சிலருடன் மீண்டும் தொடக்கி வைத்தார். அந்த யாத்திரையில் வழியூரார் அடியாருக்கு அன்னமிடுகிறார்கள், கோயில் மண்டபத்தில் படுக்க இடம் தருகிறார்கள். விலை என்ற பேச்சே எழுவதில்லை. அண்மையில், மலையக மக்கள் இந்நாட்டுக்கு வந்து 200 ஆண்டுகள் நிறைந்ததை நினைவுகூர்ந்து, 2023 ஜூலை 28 ஆம் தேதி தலைமன்னாரிலிருந்து புறப்பட்டு ஆகஸ்ட் 12 ஆம் தேதி மாத்தளையை அடைந்த நடைபவனியும், ஏறத்தாழ 250 கிலோமீற்றர் தூரம் மூதாதையரின் தடத்தைத் தேடிச் சென்றபோது, வழியிலிருந்த தமிழரும் சிங்களவரும் முஸ்லிம்களும் உணவும் நிழலும் கொடுத்து உபசரித்ததை நாடு கண்டது. எனவே, நடப்பவனை வரவேற்கும் மனம் இங்கே புதிதாகக் கற்பிக்கப்பட வேண்டிய பண்டமல்ல. அவ்வரவேற்பை ஒரு ஜீவனோபாயமாக மாற்றுவதற்கு என்ன வேண்டும் என்பதே நம் முன் நிற்கும் வினா.

வேண்டியவற்றுள் முதலாவது வீடு. இங்கே ஊவாவின் இரு வகைக் குடியிருப்புகளையும் பிரித்துப் பார்க்க வேண்டும். தோட்டத்தார் 'நாடு' என்று சொல்லும் சிங்களக் கிராமங்கள் பள்ளத்தாக்குகளில், வயலும் நீரோடையும் பலாவும் கித்துளும் சூழ இருப்பவை. 1817 இலும் 1818 இலும் நடந்த ஊவாக் கிளர்ச்சியை அடக்கிய ஆங்கிலேயர் வீடுகளைக் கொளுத்திப் பயிரையும் அழித்தனர். அதன் பிறகு 1840 ஆம் ஆண்டின் 12 ஆம் இலக்கச் சட்டம், பத்திரம் காட்ட முடியாத மேட்டுநிலத்தையெல்லாம் முடிக்குரியதாக்கித் தோட்டக்காரருக்கு விற்க வழி செய்தது. மேய்ச்சல் நிலத்தையும் சேனையையும் இழந்த இக்கிராமத்தார் பட்ட துன்பம் சிறிதன்று. எனினும் பள்ளத்தில் எஞ்சிய சிறு துண்டு நிலமும் அதன்மேல் நின்ற வீடும் அவர்களுடையவையாகவே இருந்தன. அவ்வொரு காரணத்தால், எல்லவுக்கு வெள்ளைக்காரப் பிரயாணிகள் கூட்டங்கூட்டமாக வரத் தொடங்கிய காலத்தில், ஒரு விவசாயியின் மகன் வங்கியிற் கடன் பெற்று, பழைய வீட்டின்மேல் ஓர் அறையும் அதனோடு ஒட்டிய குளியலறையும் கட்டி, வாசலில் 'ஹோம்ஸ்டே' என்று பலகை தொங்கவிட முடிந்தது.

மேட்டில் இருக்கும் தோட்டத் தொழிலாளர் லயங்களின் கதை வேறு. நீண்ட ஒரே கூரையின் கீழ், பத்தடிக்குப் பன்னிரண்டடி அளவான காம்பராக்கள், முன்னால் ஓர் ஒடுங்கிய ஸ்தோப்பு, சில லயங்களில் முதுகோடு முதுகாக மற்றொரு வரிசை, கடைக்கோடியில் எல்லாருக்கும் பொதுவான பீலி என்று வெள்ளைத்துரைமார் காலத்தில் ஏற்பட்ட அமைப்பு, தகரம் மாறியும் சுவர் பூசப்பட்டும் பல தோட்டங்களில் இன்றளவும் நிலைத்திருக்கிறது. தாய், தகப்பன், வளர்ந்த பிள்ளைகள், புதுமணத் தம்பதிகள் என்று எல்லாரும் அந்த ஒரு காம்பராவுக்குள்ளேயே முடங்க வேண்டிய அவலத்தை, பதுளை மாவட்டத்துத் தோட்டமொன்றிற் பிறந்த தெளிவத்தை ஜோசப் 'மீன்கள்' என்ற சிறுகதையில் எழுதியதைத் தமிழுலகம் அறியும். சொந்தக் குடும்பத்துக்கே மறைவில்லாத இடத்தில் அதிதிக்கு எங்கே பாய் விரிப்பது?

இட நெருக்கம் மட்டுமே தடையாயிருந்தால் ஒரு தலைமுறை உழைப்பில் அதனைத் தீர்த்துக்கொள்ளலாம். உரிமையின்மையோ உழைப்பால் தீரும் குறையன்று. லயம் தொழிலாளியின் சொத்தல்ல. 1972 இலும் 1975 இலும் இயற்றப்பட்ட காணிச் சீர்திருத்தச் சட்டங்களால் பெருந்தோட்டங்கள் அரசுடைமையாயின. 1992 இல் அவற்றின் நிர்வாகம் பிராந்தியப் பெருந்தோட்டக் கம்பெனிகளிடம் கொடுக்கப்பட்டு, பின்னர் நீண்டகாலக் குத்தகையாகியது. ஆகவே நிலம் அரசாங்கத்தினது, குத்தகை கம்பெனியினது, பாட்டன் காலந்தொட்டு விளக்கேற்றிய குடும்பத்துக்கோ அங்கே குடியிருக்கும் அனுமதி மாத்திரம். 1948 ஆம் ஆண்டுப் பிரஜாவுரிமைச் சட்டத்தால் நாடற்றவராக்கப்பட்ட இம்மக்களுடைய பிரச்சினை, 1964 அக்டோபரில் சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தத்தால் அரைகுறையாகத் தீர்க்கப்பட்டு, 2003 ஆம் ஆண்டுச் சட்டத்தாலேயே ஒருவாறு முடிவுக்கு வந்தது. பிரஜையாவதற்கே அத்தனை காலம் சென்றதென்றால், காணிக்கு எவ்வளவு செல்லும் என்று கணக்கிடுவது வாசகருக்குக் கடினமாயிராது.

இதன் பலனைப் பிரத்தியட்சமாகக் காண விரும்புகிறவர் நடைவழியிலே இரண்டு நாள் நடந்தால் போதும். பகல் முழுவதும் அவர் நடப்பது தோட்டத்தின் ஊடாக. கும்பிட்டு வழிவிடுகிறவர்களும், 'எங்கேருந்து வாறீங்க' என்று கேட்கிறவர்களும், மழைக்கு ஒதுங்கினால் ஸ்தோப்பில் உட்கார வைத்துப் பிளேன்டீயும் ஒரு துண்டு ரொட்டியும் கொடுக்கிறவர்களும் தோட்டத்துச் சனங்கள். மாலையில் அவர் தங்குவது பெரும்பாலும் நாட்டிலோ, டவுனிலுள்ள கெஸ்ட் ஹவுஸிலோ, கையில் பொருள் மிகுந்தவரானால் பழைய துரை பங்களாவிலோதான். டில்மா குழுமத்தார் 2005 இல் பொகவந்தலாவைப் பக்கத்தில் தொடங்கிய சிலோன் டீ டிரெயில்ஸ் விடுதிகள், பங்களா வாழ்வு எவ்வளவு உயர்ந்த விலைக்கு விலைப்படும் என்பதை உலகத்துக்குக் காட்டின. பங்களாவுக்கும் நாட்டு வீட்டுக்கும் விலைப் பட்டியல் உண்டு. லயத்து வாசலில் கொடுத்த தேத்தண்ணிக்கு விலை கேட்பதும் வழக்கமில்லை, கொடுப்பதற்குப் பிரயாணிக்கும் தெரிவதில்லை. வள்ளுவர் விருந்தோம்பலை இல்லறவியலில் வைத்துப் பேசினார். இல்லத்தைத் தனக்கென்று உடையவனுக்கு விதித்த அவ்வறத்தை, இல்லத்தின் பத்திரம் இல்லாதவர்களும் குறைவின்றிச் செய்துவருகிறார்கள். இல்லத்துக்குரிய வருவாய்தான் அவர்களிடம் வந்து சேரவில்லை.

லயங்களைக் காட்சிப் பொருளாக்கிக் கூட்டிச் செல்லும் போக்கு ஒன்றும் அங்கங்கே தலைகாட்டுகிறது. கூடை சுமந்த பெண்ணைப் படமெடுத்து அவள் கையில் நூறு ரூபாவைத் திணித்துவிட்டுப் போவதை விருந்தினர் வருகை என்று எண்ணுகிறவர்களோடு வாதம் செய்ய எனக்கு விருப்பமில்லை.

உரிமை விஷயத்தில் சிறிது வெளிச்சம் தெரிகிறது என்பதையும் நேர்மையாகச் சொல்ல வேண்டும். தொழிலாளர் குடும்பத்துக்கு ஏழு பேர்ச் காணியும் அதில் தனி வீடும் என்ற கொள்கை அரசாங்கத்தாரால் ஏற்கப்பட்டு, இந்திய அரசின் உதவியோடு மத்திய, ஊவா மாகாணங்களில் முதலில் 4000 வீடுகள் கட்டும் திட்டமும், 2017 இல் நோர்வூட்டுக்கு வந்த இந்தியப் பிரதமர் அறிவித்த மேலும் 10000 வீடுகளின் திட்டமும் நடைபெற்று வருகின்றன. 2025 அக்டோபரில் ஜனாதிபதி அநுர குமார திசாநாயக்க கலந்துகொண்டு, பயனாளிகள் ஏறத்தாழ 2000 பேருக்கு வீட்டுரிமைப் பத்திரம் வழங்கிய வைபவம் நடந்த இடம் பண்டாரவளையே. 550 சதுர அடியில் இரண்டு படுக்கையறை, கூடம், சமையலறை, கழிவறை கொண்ட இவ்வீடுகளில், மூத்த மகன் கொழும்புக்கு வேலைக்குப் போய்விட்ட ஒரு குடும்பம் தன் இரண்டாவது அறையை ஒரு பிரயாணிக்குக் கொடுப்பது கற்பனைக்கு எட்டாததன்று. ஆனால் மலையகத்தில் லயத்தில் வாழும் குடும்பங்கள் லட்சக் கணக்கில் எண்ணப்படுகின்றன என்பதையும், 2005 ஆம் ஆண்டின் 38 ஆம் இலக்கச் சுற்றுலாச் சட்டத்தின் கீழ் அமைந்த சுற்றுலா அபிவிருத்தி அதிகாரசபையிடம் வீட்டைப் பதிய விரும்புகிறவர் தம் உரிமையைக் காகிதத்தில் காட்ட வேண்டியிருக்கிறது என்பதையும் கருதும்போது, அந்த வெளிச்சம் இன்னும் கிழக்கு வெளுத்த அளவிலேயே நிற்கிறது.

வீடு கிடைத்துவிட்டதாகவே வைத்துக்கொள்வோம். அடுத்த கேள்வி அதில் உபசாரம் செய்கிறவர் யார் என்பது. இதைப் பற்றிய ஆங்கிலப் பிரசுரங்களிலே 'குடும்பம் உபசரிக்கிறது' என்று எழுதுவார்கள். குடும்பம் என்பது இங்கே நடைமுறையில் ஒரு பெண். நாலு மணிக்கு எழுந்து அடுப்பு மூட்டி, ரொட்டி தட்டி, சம்பல் இடித்து, பிள்ளைகளை அனுப்பிவிட்டுக் காலைப் பெயர்ப்பதிவாகிய பெரட்டுக்கு ஓடி, மலையில் பதினெட்டோ இருபதோ கிலோ கொழுந்து எடுத்தால் முழு நாட்கூலியாகிய முழுப்பேர், குறைந்தால் அரைப்பேர் என்ற கணக்கில் நாளைக் கழித்து, அந்தியில் விறகோடு திரும்புகிறவள் அவள். 2024 செப்டம்பரில் நிர்ணயிக்கப்பட்ட அடிப்படை நாட்சம்பளம் 1350 ரூபாவாக இருந்தது. எல்லவில் சாதாரண அறை ஒன்றின் ஓரிரவு வாடகை அதனைப் பல மடங்கு விஞ்சுவதாகையால், விருந்தினரை வைத்துக்கொள்வது லாபமானது என்று கணக்குப் பண்டிதர் சொல்லக்கூடும். அந்த லாபம் அவள் கைக்கு வருமா, அல்லது மலை வேலையோடும் வீட்டு வேலையோடும் மூன்றாவதொரு வேலையாக அவள் தோளில் ஏறிவிடுமா என்பதை எந்தக் கணக்கும் தானாகச் சொல்லாது. விருந்தினர் தங்கும் நாளில் பேர் போடாமல் வீட்டிலிருந்தால் அந்தப் பேரும் போகிறது, மாதக் கடைசியில் வருகைக்கான கொடுப்பனவிலும் துண்டு விழுகிறது. ஹோம்ஸ்டேத் திட்டம் வகுக்கிறவர்கள் படுக்கை விரிப்பின் நிறத்தைப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதுகிறார்கள். இதைப் பற்றி ஒரு வரி எழுதினால் உபகாரமாயிருக்கும்.

உணவைப் பற்றிக் கவலைப்படத் தேவையில்லை என்பது என் அபிப்பிராயம். தேங்காய் ரொட்டி, கட்டச்சம்பல், பருப்பு, நெத்தலிப் பொரியல், லயத்தைச் சுற்றிய தோட்டத்துண்டில் விளைந்த கீரையும் போஞ்சியும், வெலிமடை உருளைக்கிழங்கும் என்று அமையும் சாப்பாடு, எட்டு மணி நேரம் ஏறியிறங்கி வந்தவனுக்கு ஹோட்டல் பலகாரங்களிலும் மேலானது. ஓரிடத்தில் மாத்திரம் பிரயாணி ஏமாற்றமடைவான். உலகப் பிரசித்தி பெற்ற ஊவாத் தேயிலையை அதன் பிறப்பிடத்திலேயே குடிக்கப்போவதாக எண்ணி வருகிறவனுக்கு லயத்தில் கிடைப்பது மாதந்தோறும் தோட்டத்தில் கொடுக்கும் தூள். நல்ல ரகம் சாக்கில் கட்டப்பட்டுக் கொழும்பு ஏலத்துக்குப் போய்விடுகிறது. விதிவிலக்கும் உண்டு. பண்டாரவளைப் பக்கத்து அம்பதண்டேகமப் பள்ளத்தாக்கில் உள்ள அம்பா என்னும் சிறு தோட்டம், கையால் செய்த தேயிலையை விற்றும் வருகிறவர்களைத் தங்கவைத்தும் நடந்துவருவதோடு, வருமானத்தில் பத்தில் ஒரு பங்கைத் தொழிலாளருக்குப் பகிர்ந்து கொடுக்கிறது. தோட்டம் சிறிது, சரக்கும் விலை உயர்ந்தது. பெருந்தோட்டக் கம்பெனிகளை அதனோடு ஒப்பிடக் கூடாதென்று சிலர் சொல்லுவார்கள். பங்கு கொடுத்தும் தொழில் நடத்தலாம் என்பதற்கு அது ஒரு சாட்சி என்ற அளவில் நான் நின்றுகொள்கிறேன்.

வழிகாட்டியின் விஷயத்தைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். இலங்கையில் தேசிய வழிகாட்டி, பிரதேச வழிகாட்டி, தல வழிகாட்டி, சாரதி வழிகாட்டி என்று அனுமதிப் பத்திரங்கள் பல வகைப்படும். இவற்றைப் பெறுவதற்குப் படிப்பும் பயிற்சியும் அந்நிய பாஷை ஒன்றில் பேச்சுத் திறமையும் வேண்டியிருப்பதால், தோட்டத்து இளைஞர் பெரும்பாலும் சுமை தூக்குகிறவராகவும் முச்சக்கர வண்டி ஓட்டுகிறவராகவும் நின்றுவிடுகிறார்கள். மலையின் ஒவ்வொரு குறுக்கும், எந்த ஓடை மழைக்குப் பின் கடக்க முடியாது, எந்தத் திருப்பத்தில் குளவி கூடு கட்டியிருக்கிறது என்பதும் தெரிந்தவர்கள் அவர்களே. வழி மட்டுமல்ல, வழியின் கதையும் வழிகாட்டியோடு மாறுகிறது. தலைநகரிலிருந்து வந்தவர் 1867 இல் லூல்கந்துரவில் 19 ஏக்கரில் தேயிலை நட்ட ஜேம்ஸ் டெய்லரையும், 1890 இல் டம்பேத்தன்னையில் தொழிற்சாலை எழுப்பிய தோமஸ் லிப்டனையும் சொல்லி, லிப்டன் இருக்கை என்னும் காட்சிமுனையில் படம் பிடித்துக் கொடுத்து அழைத்து வருவார். அவ்விடத்திலிருந்து தெற்கே சரியும் மலைகளில் கொஸ்லந்தைப் பக்கத்து மீரியபெத்தை எங்கே இருக்கிறதென்று காட்டுவதற்குத் தோட்டத்துப் பிள்ளை ஒருவன் வேண்டும்.

2014 அக்டோபர் 29 ஆம் தேதி காலையில் மீரியபெத்தையின் லயங்கள் மண்சரிவில் புதைந்தன. அந்த நிலம் அபாயமானது என்று தேசிய கட்டிட ஆராய்ச்சி நிறுவனத்தார் 2005 இலும் 2011 இலும் எச்சரித்திருந்தனர். போக வேறு காணி இல்லாதவர்கள் போகவில்லை. 2025 நவம்பர் இறுதியில் வந்த டித்வா புயலின் மழையில் பதுளை, கண்டி, நுவரெலியா மாவட்டங்களில் கணக்கற்ற இடங்களில் மலை சரிந்து, உயிர்கள் மாண்டு, மலைநாட்டு ரயில் பாதையும் அறுந்தது. நடைவழி செல்லும் சரிவும் குடியிருப்பு நிற்கும் சரிவும் ஒன்றே. பிரயாணிக்கு அது ஒரு பருவத்து ஆபத்து, குடிக்கோ ஆண்டு முழுவதும். பருவம் என்று சொல்லும்போது இன்னொன்றையும் குறிக்க வேண்டும். மேற்குச் சரிவிலுள்ள ஹட்டன் பக்கம் மே முதல் செப்டம்பர் வரை தென்மேற்குப் பருவக்காற்றில் நனையும்போது, அக்காற்று மலைமுடியில் ஈரத்தைக் கொட்டிவிட்டு ஊவாவுக்குள் உலர்ந்த கச்சான் காற்றாக இறங்குகிறது. கொழுந்தை வாட்டி ஊவாத் தேயிலைக்கு ஜூலை, ஆகஸ்ட் மாதங்களில் அந்த விசேஷ வாசனையைக் கொடுப்பது அதுவே. ஊவாவுக்கு மழைக்காலம் அக்டோபரிலிருந்து தை மாதம் வரையில். ஆதலால் இரு சரிவுகளையும் ஊடுருவும் ஒரே வழியை ஒரே மூச்சில் நடந்து முடிக்க விரும்புகிறவருக்குத் தை பிற்பகுதியிலிருந்து பங்குனி வரையில் உள்ள குறுகிய காலமே பெரும்பாலும் சௌகரியம். எந்த விருந்து மனையும் ஆண்டு முழுவதும் ஆள் வருமென்று எண்ணிக் கடன் வாங்கலாகாது.

தண்ணீர் மற்றொரு கவலை. உமா ஓயாத் திட்டத்துக்காகத் தோண்டிய சுரங்கத்தில் 2014 இறுதியில் நீர்க்கசிவு தொடங்கியபோது, பண்டாரவளையைச் சுற்றிய கிராமங்களில் கிணறும் ஊற்றும் வற்றின, வீட்டுச் சுவர்கள் வெடித்தன, 2017 இல் பண்டாரவளையிலே பெரிய ஆர்ப்பாட்டம் நடந்தது. திட்டம் 2024 ஏப்ரலில் விமரிசையாகத் திறந்துவைக்கப்பட்டது. நாளொன்றுக்கு இரண்டு முறை குளிக்கும் விருந்தினருக்கு வெந்நீர் வைக்கும் வீட்டார் அந்த நீரை எங்கிருந்து கொண்டுவருகிறார்கள் என்று யாரும் விசாரிப்பதில்லை.

பிற தேசங்களில் இத்தொழில் எப்படி நடக்கிறது? நேபாளத்தில் ஸியாங்ஜா மாவட்டத்துச் சிருபாரி என்னும் குருங் கிராமம் 1997 முதல் வீட்டுத் தங்கலை ஊர் முறையாகவே நடத்திவருகிறது. வருகிறவர்களை ஊர்க்குழு மேளதாளத்தோடு எதிர்கொண்டு அழைத்து, எவர் எந்த வீட்டில் தங்குவது என்பதை முறைவைத்துத் தீர்மானிக்கிறது. வழியோரத்து வீட்டுக்காரனும் மேட்டு வீட்டுக்காரனும் ஒருவரோடொருவர் போட்டியிட்டு விலையைக் குறைக்கும் அசிங்கம் அதனால் எழுவதில்லை. ஆனால் சிருபாரியார் தம் சொந்த வீட்டில் வாழ்கிறவர்கள், அநேகர் இந்திய, பிரிட்டிஷ் பட்டாளங்களில் இருந்து ஓய்வூதியம் பெறுகிறவர்கள். நமக்கு அதைவிடப் பொருத்தமானது உத்தராகண்டத்தில், அல்மோராவுக்கு அருகே, பின்சர் வனப் பிரதேசத்துக் கிராமங்களில் வில்லேஜ் வேஸ் என்ற அமைப்பினர் நடத்தும் முறை என்று தோன்றுகிறது. அங்கே ஊர் விட்டு ஊர் நடந்து செல்லும் பிரயாணி தனிப்பட்டவர் வீட்டில் தங்குவதில்லை. ஒவ்வோர் ஊரிலும் கிராமக் குழுவுக்குச் சொந்தமான சிறிய விருந்து மனை ஒன்றில் தங்குகிறார். சமைப்பதும் வழிகாட்டுவதும் ஊராரே, முறைவைத்து. நிலமும் அறையும் போதிய அளவில் இல்லாத குடும்பத்துக்கும் அதில் ஒரு பங்கு கிடைக்கிறது, பெண்ணின் வேலைக்குக் கூலி என்ற பெயரும் வருகிறது.

தமிழ்நாட்டில் வழி வேறாகியது. 2018 மார்ச் 11 ஆம் தேதி தேனி மாவட்டத்துக் குரங்கணி மலையில் காட்டுத்தீயில் சிக்கி மலையேறிகள் 23 பேர் மாண்ட துயரத்துக்குப் பிறகு, நடைப்பயணம் அரசாங்கத்தின் கண்டிப்பான மேற்பார்வைக்குள் கொண்டுவரப்பட்டது. 2024 அக்டோபரில் வனத்துறை தொடங்கிய திட்டத்தில் 14 மாவட்டங்களில் 40 மலைவழிகள் திறக்கப்பட்டு, பழங்குடி இளைஞர்கள் பயிற்சி பெற்ற வழிகாட்டிகளாக அமர்த்தப்பட்டார்கள். வழிகாட்டியை அந்த மலைக்கே உரியவனாகத் தேர்ந்தெடுத்தது போற்றத்தக்கது. ஆனால் அவை பெரும்பாலும் ஒரு நாளில் ஏறி இறங்கும் வழிகள், இரவுத் தங்கலும் அதன் வருவாயும் அவற்றில் இல்லை. நேபாளமோ 2023 ஏப்ரலிலிருந்து அந்நியர் வழிகாட்டியின்றி நடப்பதையே பெரும்பாலான வழிகளில் தடைசெய்தது. நமது நடைவழியில் அவ்விதத் தடை வேண்டுமென்று நான் வற்புறுத்தவில்லை. தனித்து நடக்க விரும்புகிறவனை ஊதியம் பெறும் காவலாளிக்குக் கட்டிப்போடுவது எனக்கு உவப்பானதன்று. தோட்ட எல்லைக்குள் வரும் கட்டங்களுக்கு மட்டும், அந்தந்த டிவிசனிலிருந்து ஒருவரை அமர்த்திக்கொள்ளும் ஏற்பாடு ஒன்று இருக்கலாம்.

பின்சர் முறை ஊவாவுக்கு வர வேண்டுமானால் மூன்று கையொப்பங்கள் வேண்டும். தோட்டங்களில் பூட்டிக் கிடக்கும் கட்டடங்களுக்குக் குறைவில்லை: ஆளில்லாத கணக்கப்பிள்ளை வீடு, கைவிடப்பட்ட பழைய ஆஸ்பத்திரி, பிள்ளைகள் குறைந்து மூடிய குழந்தைக் காப்பகமாகிய பிள்ளைக் காம்பரா. கந்தப்பளையில் மூடிய தேயிலைத் தொழிற்சாலை ஒன்றை 1990களில் ஆடம்பர ஹோட்டலாக மாற்றியபோது, குத்தகைச் சட்டமோ கட்டடத்தின் பழமையோ எவருக்கும் தடையாகவில்லை. கணக்கப்பிள்ளை வீடொன்றின் இரண்டு அறைகளையும் கூரையையும் செப்பனிட்டு, ஒரு கழிவறையும் தண்ணீர்த் தொட்டியும் கட்டிக் கொடுப்பதற்கு அதில் நூற்றில் ஒரு பங்கும் செலவாகாது. அதை ஏற்று நடத்துவதற்குப் புதிய சங்கம் ஒன்றைத் தேட வேண்டியதுமில்லை. தோட்டத் தொழிலாளர் வீடமைப்புக் கூட்டுறவுச் சங்கங்கள் முன்னமே பதிவு செய்யப்பட்டு இருக்கின்றன. நில உடைமையாளராகிய அரசாங்கமும், குத்தகைக்காரராகிய கம்பெனியும், குடிகளுடையதாகிய அச்சங்கமும் ஒரே பத்திரத்தில் ஒப்பமிட்டால், முழு வீட்டுரிமை எல்லாருக்கும் கிடைக்கும் நாள்வரையில் காத்திராமலே, டிவிசனுக்கு ஒன்றாகச் சில விருந்து மனைகளை இந்த நடைவழியில் திறந்துவிடலாம். அரசாங்கத்தார் மறுக்க மாட்டார்கள் என்று தோன்றுகிறது, சங்கத்தார் விரும்புவார்கள். கம்பெனிகள் என்ன சொல்லும் என்பதை, தொழிலாளிக்குச் சம்பளத்துக்கு அப்பால் வேறொரு வருமானம் ஏற்படுவதை அவை இதுவரையில் எவ்விதமாகப் பார்த்து வந்திருக்கின்றன என்பதைக் கொண்டு ஊகித்துக்கொள்ள வேண்டியிருக்கிறது.